ஃபிராவ் லிஷ்காவின் அடுப்பும் நகரசபை உறுப்பினரும்

எங்கள் தமிழ்ச் சங்கத்துச் செயலாளர் ரமணன் போன வாரம் தொலைபேசி எடுத்தார். மார்கழியில் நடக்கும் ஆண்டு விழாவுக்கு ஒரு மலர் வெளியிடுகிறார்களாம். பிரதம விருந்தினர் என் பழைய முதலாளி ஹெர் ரீஸ். கரி வியாபாரியாக இருந்து நகரசபை உறுப்பினர் ஆனவர். இந்த வருடத் தேர்தலில் இரண்டாம் முறையும் வென்றவர். அவரைப் பற்றி மலருக்கு ஒரு கட்டுரை வேண்டுமாம்.

"சூசை அண்ணை, நீங்கள் அவரோட பதினெட்டு வருசம் வேலை செய்தனீங்கள். கரி மூட்டை தூக்கின இடத்திலயிருந்து நகரசபை வரைக்கும் வந்த மனிசன். ரெண்டு பக்கம் எழுதித் தாங்கோ. எங்கட பிள்ளையளுக்கும் ஒரு முன்மாதிரியா இருக்கும்."

"அவர் மூட்டை தூக்கினதை நான் காணேல்லைத் தம்பி. தூக்கினது நான்."

"பகிடி விடாதேங்கோ அண்ணை. கூட இருந்து பார்த்ததை எழுதுங்கோ, அதுவே காணும்."

கூட இருந்து பார்த்ததை எழுதச் சொன்னவர் ரமணன். பிறகு என்னைக் குறை சொல்லக் கூடாது. இரண்டு பக்கத்தில் இது அடங்காது. வாழ்த்துச் செய்தி அனுப்பும் நகைக்கடைக்காரரின் பக்கத்தையும் எடுத்து எனக்குத் தரட்டும். இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஹெர் ரீஸ் என்னோடு ஆங்கிலமும் டொச்சும், அதாவது ஜேர்மன் மொழியும், கலந்து பேசுவார், மற்றவர்கள் டொச்சில் பேசினார்கள். இந்தக் கட்டுரையில் எல்லாரும் எங்கள் ஊர்த் தமிழில்தான் பேசுவார்கள். எனக்கு வேறு தமிழ் வராது. ஹெர், ஃபிராவ் மட்டும் டொச்சாகவே இருக்கட்டும்; திரு, திருமதி என்று வாசித்துக்கொள்ளுங்கள்.

கிழக்கு பெர்லினில் ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கியது, பெர்லின் சுவருக்கு இந்தப் பக்கம் வந்தது, முகாமில் வேலை அனுமதி இல்லாமல் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தது, உணவகத்தில் கோப்பை கழுவியது எல்லாம் நம்மில் பாதிப் பேருடைய கதை. அதை நான் எழுதி ஒருவரும் அழப்போவதில்லை. தொண்ணூறாம் ஆண்டு டோர்ட்மண்டுக்குப் பக்கத்துச் சிறுநகரம் ஒன்றில், ஒரு கரிக் கிட்டங்கியில் ஆள் தேவை என்று கேள்விப்பட்டுப் போனேன். மன்னாரில் மீன்பெட்டி தூக்கிய தோள் என்னுடையது. ஹெர் ரீஸ் என் முகத்தைப் பார்க்கவில்லை. என்னைச் சுற்றி வந்து முதுகைத்தான் பார்த்தார். நாளைக்கு ஆறு மணிக்கு வா என்றார்.

இவர் வேல்ஸ்காரர். அப்பா அங்கே சுரங்கத் தொழிலாளி. இவர் பிரித்தானிய இராணுவத்தில் லொறி ஓட்டுகிறவராக ஜேர்மனிக்கு வந்தார், கரி வியாபாரி ஒருவரின் மகளைக் கண்டார், இராணுவத்தை விட்டார். மாமனார் கண்ணை மூட, கிட்டங்கியும் மூன்று லொறிகளும் இவருடையதாயின. கரியில் இருந்து உயர்ந்தவர் என்று ரமணன் சொல்வது இதைத்தான். மாமனார் கொஞ்சம் உதவினார் என்றும் மலரில் ஒரு வரி போடலாம்.

யாராவது இவரை ஆங்கிலேயன் என்று சொல்லிவிட்டால் அன்றைக்குக் கிட்டங்கியில் இடி மின்னல்தான். "நான் வேல்ஸ்காரன். இங்கிலாந்து வேற, வேல்ஸ் வேற" என்று பாடம் எடுப்பார். உலகத்தில் நல்ல கரி வேல்ஸ் கரி, மற்றதெல்லாம் சேறு என்பார். விற்றது முழுக்க அந்தச் சேற்றைத்தான். முப்பது வருடமாக இந்த நாட்டில் இருந்தும் இவருடைய டொச்சைக் கேட்டால் காது கூசும். ஆனால் அவர் பிழையாகப் பேசினால் வாடிக்கைக்காரப் பெண்கள், என்ன வடிவாகக் கதைக்கிறார் என்று சிரிப்பார்கள். அதே பிழையை நான் விட்டால், மொழி வகுப்புக்குப் போகவில்லையா என்று கேட்பார்கள். இருவரும் வெளிநாட்டுக்காரர்தான். அவருடைய கடவுச்சீட்டு ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் இருந்து வந்தது, என்னுடையது இலங்கையின் கட்டுநாயக்காவில் இருந்து வந்தது. அதனால் உள்ளூர்த் தேர்தலில் அவர் வாக்குப் போடலாம், நிற்கவும் செய்யலாம். நான் அவருடைய சுவரொட்டியை ஒட்டலாம்.

ஏச்சை இங்கே கொஞ்சம் நிறுத்துகிறேன். தொழில் என்று வந்தால் அந்த மனிதர் அந்த நாட்களில் அசல் வாத்தியார்தான். ஐம்பது கிலோ மூட்டையைத் தூக்கக் கற்றுத் தந்தவர் அவர். "மூட்டையை முதுகில ஏத்தாதை. நீ மூட்டைக்குக் கீழ போ" என்றார். லொறியின் பின்பலகை என் தோள் உயரத்தில் நிற்க வேண்டும். முதுகைத் திருப்பி, முழங்கால் மடக்கி, தோல் மேலாடையின் பட்டை மூட்டையின் நடுவில் படும்படி நின்று, பிறகுதான் நிமிர வேண்டும். நிலவறைப் படிகளை முதலில் வெறுங்கையோடு இறங்கி எண்ண வேண்டும். இருட்டில் மூட்டையோடு இறங்கும்போது கண் வேலை செய்யாது, அந்தக் கணக்குத்தான் வேலை செய்யும். சுவரில் கை படக் கூடாது. படிந்த கறுப்புக் கையை வீட்டுக்காரி ஐந்து வருடத்துக்கு மறக்கமாட்டாள்.

எல்லாவற்றையும் விட அவர் கண்டிப்பாக இருந்தது அடுப்புச் சோதனையில். வேறு எந்தக் கரி வியாபாரியும் இதைச் செய்ததாக நான் கேள்விப்படவில்லை. எங்கள் வாடிக்கைக்காரர் பலர் தனியாக இருக்கும் கிழவிகள், சுரங்கத் தொழிலாளிகளின் விதவைகள். குசினியில் ஒரு இரும்புக் கரியடுப்பு, அதிலிருந்து மேலே போய்ச் சுவருக்குள் நுழையும் ஒரு புகைக்குழாய், அந்தக் குழாய்க்குள் திருகித் திறக்கும் ஒரு இரும்புத் தகடு. கோடையில் வெளிக்காற்றும் கரித்தூளும் வீட்டுக்குள் இறங்காமல் இருக்கத் தகட்டை மூடிவைப்பார்கள். ஐப்பசியில் முதல் கரி இறக்கும்போது, கொண்டுபோகிற ஆள்தான் அதைத் திறக்க வேண்டும். பிறகு ஒரு பத்திரிகைத் தாளை முறுக்கிக் கொளுத்தி, திறந்த அடுப்பின் வாயில் பிடிக்க வேண்டும். சுவாலை உள்ளே இழுபட்டால் சரி. நேராக நின்றாலோ எங்கள் பக்கம் சாய்ந்தாலோ தாளை அணைத்து, யன்னலைத் திறந்து, ஒரு துண்டுக் கரிகூட வைக்காமல் திரும்ப வேண்டும். எல்லாம் சரியென்றால் குசினிக் கதவின் உட்பக்கத்தில் வெண்கட்டியால் ஒரு சிலுவையும் கொண்டுபோன ஆளின் பெயரின் முதல் எழுத்தும்.

"கரி ஆளைக் கொல்லாது. கரியிலயிருந்து வாற மணமில்லாத காத்துத்தான் கொல்லும்" என்பார் ஹெர் ரீஸ். "என்ர அப்பா சுரங்கத்துக்குள்ள அப்பிடி மூண்டு பேரைக் கண்டவர். நித்திரை கொள்ளுறாங்கள் எண்டு நினைச்சுத் தட்டி எழுப்பினவராம்." இதைச் சொல்லும்போது கையிலுள்ள வேலையை நிறுத்திவிடுவார். அது நடிப்பு இல்லை. நடிக்க அவர் பின்னால்தான் பழகினார்.

சோதனை செய்யாமல் கரி வைத்த ஒரு போலந்துக்காரரை அவர் அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பியதை நான் கண்ணால் கண்டேன். அந்தப் பயத்தில் பதினான்கு வருடம் ஒரு வீட்டையும் நான் தவறவிட்டதில்லை.

ஃபிராவ் லிஷ்காவின் வீடும் அதில் ஒன்று. இரண்டாம் மாடி, குசினியும் ஒரு அறையும். கணவர் சுரங்கத்தில் வேலை செய்து நெஞ்சுச் சளியோடு போய்ச் சேர்ந்தவர். இடுப்பு எலும்பில் சத்திரசிகிச்சை செய்த பிறகு ஃபிராவ் லிஷ்காவால் கை உயர்த்தி எதையும் எட்ட முடியாது; கதிரையில் ஏறுவது கனவிலும் இல்லை. தகடோ என் தலைக்கு மேல் ஒரு முழம். அதனால் சித்திரையில் நான் போய் மூடுவேன், ஐப்பசியில் நான் போய்த் திறப்பேன். வீட்டுத் திறப்புச் சாவி ஒன்றைக் கீழ்வீட்டுக்காரியிடம் எனக்காகக் கொடுத்து வைத்திருந்தார். அடுப்புக்குப் பக்கத்தில் கரி இருந்தால் சூசை வந்து எல்லாம் பார்த்துவிட்டான் என்று அர்த்தம். எங்களுக்குள் அதற்குமேல் பேச்சே தேவைப்படவில்லை.

அவரும் கத்தோலிக்கர், நானும் கத்தோலிக்கன். தை மாதம், யேசு பாலனைக் காண வந்த மூன்று இராசாக்கள் திருநாளுக்குப் பங்குப் பிள்ளைகள் வந்து வாசல் கதவில் வெண்கட்டியால் ஆசீர்வாதம் எழுதிவிட்டுப் போவார்கள். "வாசல் கதவு மூண்டு ராசாக்களுக்கு, குசினிக் கதவு நாலாவது ராசாவுக்கு" என்று என்னைக் காட்டிச் சிரிப்பார். சித்திரையில் நான் தகட்டை மூடும் நாளில், ஈரத்துணியால் என் சிலுவையைத் தானே துடைத்துவிடுவார்.

என் பிரசாவுரிமை விண்ணப்பத்தை எழுதியதும் அந்தக் குசினி மேசையில்தான். ஆன்ட்ராக், அதாவது விண்ணப்பப் படிவம், என்றாலே எனக்குப் பயம். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு பக்கமாக வாசித்து, என்னைக் கேட்டு, தன் அழகான கையெழுத்தில் நிரப்பினார். ஒரு பிழைகூட இல்லை. இரண்டாயிரத்து நாலாம் ஆண்டு வைகாசியில் அதைக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

அதே ஆண்டு புரட்டாதியில் உள்ளூர்த் தேர்தல். ஹெர் ரீஸுக்கு அரசியல் ஆசை பிடித்துவிட்டது. யார் ஏற்றிவிட்டார்களோ தெரியாது, மதுக்கடைச் சிநேகிதர் நாலு பேர் போதும். ஊர் வாக்காளர் குழு ஒன்றின் வேட்பாளரானார். கோட்டு வாங்கினார், முடிக்குச் சாயம் பூசினார். சுவரொட்டியில் அவரை 'எங்கட ஆங்கிலேயர்' என்று போட்டிருந்தார்கள். இடியும் இல்லை, மின்னலும் இல்லை. கடைத்தெருவில் யாராவது அப்படிக் கூப்பிட்டால் கையசைத்துப் பல்லைக் காட்டினார். வேல்ஸ் எங்கே போனது என்று நான் கேட்கவில்லை. வாக்குப் பெட்டிக்குள் போயிருக்கும்.

பிறகுதான் அந்த அபாரமான யோசனை வந்தது. கரியடுப்பு உள்ள ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு கட்டுக் கரிக்கட்டி இலவசம். கட்டைச் சுற்றிய தாளில் இவருடைய முகம், கீழே 'எல்லா வீட்டிலும் வெப்பம்' என்று ஒரு வாசகம். கரிக்கட்டி சுற்றிய தாளை மக்கள் என்ன செய்வார்கள் என்று அந்தக் கரி வியாபாரிக்குத் தெரியாமல் போனதுதான் அதிசயம். அடுப்பு மூட்ட முதலில் கொளுத்துவது அதைத்தான்.

நாங்கள் இரண்டு பேர். நாலு நாளைக்குள் எல்லா வீடும் முடிய வேண்டும்.

"சோதனை?" என்று கேட்டேன்.

"என்ன சோதனை?"

"தகடு. பத்திரிகைத் தாள்."

"சூசை, இது வியாபாரம் இல்லை, அன்பளிப்பு. இன்னும் ஒரு மாதத்துக்கு ஒருத்தரும் அடுப்பு மூட்டாயினம். கட்டை வை, அடுத்த வீட்டுக்குப் போ. ஐப்பசியில வழமைபோலப் பார்ப்பம்."

போலந்துக்காரரை வீட்டுக்கு அனுப்பிய அதே வாய்.

ஃபிராவ் லிஷ்காவின் வீட்டுக்குப் போனது செவ்வாய்க்கிழமை காலை. அவர் வைத்தியரிடம் போயிருந்தார். கீழ்வீட்டில் திறப்பை வாங்கிக்கொண்டு மேலே ஏறினேன். கட்டை அடுப்புக்குப் பக்கத்தில், வழக்கமாக வைக்கும் இடத்தில், வைத்தேன். கைத்தொலைபேசி அடித்தது. "எங்க நிக்கிறாய்? இன்னும் அந்தத் தெருவிலயோ?" என்று ஹெர் ரீஸ் கத்தினார்.

தகட்டைக் கவனிக்கவில்லை என்று எழுதினால் எனக்குச் சுகமாக இருக்கும். கவனித்தேன். நிமிர்ந்து பார்த்தேன், மூடியிருந்தது. கையை உயர்த்தித் திருக எவ்வளவு நேரம் ஆகும்? ஐப்பசியில் வருவோம் என்று நினைத்தேன். படியில் இறங்கும்போதே மறந்துவிட்டேன். ஹெர் ரீஸை எவ்வளவு ஏசினாலும் அந்தக் கை என்னுடையதுதான்.

அன்று பின்னேரம் மழை பிடித்துக்கொண்டது. இடுப்பு வலியோடும் நனைந்த கோட்டோடும் வந்த மனிசி, அடுப்புக்குப் பக்கத்தில் கரியைக் கண்டிருக்கிறார். சூசை வந்து போயிருக்கிறான். வேறென்ன யோசிக்க வேண்டும்? ஹெர் ரீஸின் முகத்தைக் கொளுத்தி அடுப்பை மூட்டினார்.

கீழ்வீட்டுக்காரி ஏதோ விழுந்த சத்தம் கேட்டு ஏறி வந்து யன்னலைத் திறந்திராவிட்டால் நான் இந்தக் கட்டுரையை ஒரு கல்லறைக்கு எழுதியிருப்பேன். அம்புலன்ஸ் வந்து தூக்கிக்கொண்டு போனது.

மறுநாள் காலை ஏழு மணிக்கு ஹெர் ரீஸ் தன் காரில் என்னை ஏற்றிக்கொண்டு அந்த வீட்டுக்குப் போனார். நோயாளிக்கு மாற்றுடுப்பு எடுக்க என்று கீழ்வீட்டில் சொன்னார். அவர் ஒரு உடுப்பும் எடுக்கவில்லை. குசினிக்குள் நின்று தகட்டைப் பார்த்தார், கதவைப் பார்த்தார், பிறகு கோட்டுப் பையிலிருந்து ஒரு வெண்கட்டியை எடுத்து நீட்டினார்.

"போடு."

நான் வாங்கவில்லை.

"பதினொரு மணிக்கு அடுப்பும் குழாயும் சோதிக்கிற புகைபோக்கி மாஸ்டர் வாறார். கதவில குறி இல்லையெண்டால் கேஸ் பொலிசுக்குப் போகும். ஆர் கொண்டுவந்தது? நீ. ஆர் பார்க்காமல் விட்டது? நீ. நான் உன்னை வெருட்டேல்லை சூசை. உனக்கு ஒரு ஆன்ட்ராக் உள்ள கிடக்குது. பொலிசில ஒரு கோப்புத் திறந்தால் அது அப்பிடியே நித்திரைக்குப் போயிடும். உன்ர பிள்ளையளை யோசி."

"பார்க்க வேண்டாம் எண்டு சொன்னது நீங்கள்."

"அப்பிடி எங்கையும் எழுதிக் கிடக்கோ?"

எங்கேயும் எழுதவில்லைதான்.

"குறி இருந்தால் ஒருத்தருக்கும் நட்டமில்லை" என்றார், மிகவும் அன்பாக. "நீ திறந்து வைச்சாய். பிறகு அந்த மனிசி குளிர் காத்து வருதெண்டு தானே மூடிப்போட்டு மறந்திட்டுது. வயசு போன ஆக்கள். ஆரும் கோவிக்காயினம்."

நான் வெண்கட்டியை வாங்கினேன். வாங்கி, ஒரு சிலுவையும் என் பெயரின் முதல் எழுத்தும் போட்டேன். பதினான்கு வருடமாக அந்தக் கதவில் போட்ட அதே குறி. கோடு நேராகத்தான் விழுந்தது. கோணியிருந்தால் இன்றைக்குச் சொல்ல எனக்கு ஏதாவது மிச்சம் இருந்திருக்கும். திரும்பிப் பார்த்தால் ஹெர் ரீஸ் மேசைக்கடியில் இருந்த ஒரு கதிரையைத் தூக்கிக்கொண்டுபோய்ப் புகைக்குழாய்க்குக் கீழே வைத்துக்கொண்டிருந்தார். கொஞ்சம் தள்ளி நின்று பார்த்து, கதிரையைச் சற்றே சரித்தார்.

பதினெட்டு வருடத்தில் அவர் எதையாவது தூக்கி நான் கண்டது அந்த ஒரு தடவைதான்.

புகைபோக்கி மாஸ்டர் நேர்மையான ஆள். தகட்டைத் திருகிப் பார்த்தார், கதவைப் பார்த்தார், கதிரையைப் பார்த்தார். "இடுப்புச் செய்த மனிசி இதில ஏறுமோ?" என்று கேட்டார். "சுரங்கக்காரன்ர பெண்சாதி. பிடிவாதம். நாங்கள் சொல்லி எங்க கேக்கிறது" என்று ஹெர் ரீஸ் தலையை ஆட்டினார். மாஸ்டர் என் பக்கம் திரும்பினார். நான் திறந்தேனா என்று கேட்டார். யா என்றேன், ஆம் என்று அர்த்தம். இருபது வருடத்தில் நான் பேசிய டொச்சில் பிழையே இல்லாத வசனம் அதுவாகத்தான் இருக்கும்.

ஐந்து வாரத்துக்குப் பிறகு ஃபிராவ் லிஷ்கா ஆஸ்பத்திரியில் இருந்து வந்தார். வீட்டுக்கு இல்லை. ஹம்பூர்க்கில் இருந்து வந்த மருமகள் முறையானவர், மாஸ்டரின் அறிக்கையை வாசித்துவிட்டு, தகட்டைத் தானே மூடிவிட்டு அடுப்பு மூட்டுகிறவரை இனித் தனியாக விட ஏலாது என்று முடிவெடுத்தார். அறிக்கை சரியென்றால் முடிவும் சரிதான். நாற்பது வருடம் இருந்த குசினியை இரண்டு நாளில் காலிசெய்தார்கள். முதியோர் இல்லத்தில் ஒரு கட்டில், ஒரு அலுமாரி, யன்னலுக்கு வெளியே வாகனத் தரிப்பிடம்.

அதற்கிடையில் தேர்தல் முடிந்திருந்தது. வாக்களிப்புக்கு நாலு நாள் முன்பு ஹெர் ரீஸ் உள்ளூர்ப் பத்திரிகைக்காரருடன் ஆஸ்பத்திரிக்குப் பூக்கொத்துக் கொண்டுபோனார். கட்டிலில் இருந்தவருக்கு இன்னும் பேச்சுச் சரியாக வரவில்லை. படத்துக்கு அது தடையாக இருக்கவில்லை. தனியாக வாழும் முதியவர்களின் பாதுகாப்பே தன் முதல் கடமை என்று பேட்டி கொடுத்தார். கொஞ்ச வாக்குத்தான் வித்தியாசம், வென்றுவிட்டார். சபையில் அவரை எந்தக் குழுவில் போட்டார்கள் தெரியுமா? முதியோர் நலன்.

அடுத்த மாசியில் என் பிரசாவுரிமைப் பத்திரம் வந்தது. ஹெர் ரீஸ் என் முதுகில் தட்டினார். வீட்டில் மனைவி பாற்சோறு செய்தாள். என் பங்கைப் பிள்ளைகளின் தட்டில் போட்டேன்.

அவருடைய சபை வாழ்க்கையைப் பற்றி நீட்டி எழுதத் தேவையில்லை. நாடா வெட்டினார், விளையாட்டுப் போட்டியில் கிண்ணம் கொடுத்தார். இரண்டாம் வருடம் கரி வியாபாரத்தை நிறுத்திவிட்டு மரத்தூள் உருண்டை விற்கத் தொடங்கினார். கரி நேற்றைய எரிபொருள், நகரத்தின் காற்றைக் கெடுக்கிறது என்று சபையில் அரை மணி நேரம் பேசினாராம். உலகத்தில் நல்ல கரி வேல்ஸ் கரி என்ற பாடத்தை அன்றைக்கு எடுக்க மறந்துவிட்டார் போலிருக்கிறது.

போன வருடம் நான் ஓய்வுபெற்றேன். கிட்டங்கியில் கேக் வெட்டினார்கள். ஹெர் ரீஸ் எனக்கு ஒரு பித்தளைச் சுரங்க விளக்கைப் பரிசளித்து, எல்லாருக்கும் முன்னால் என் தோளில் கை போட்டுச் சொன்னார்: "இந்த மனிசன் பதினெட்டு வருசத்தில ஒரு தகட்டைக்கூடத் திறக்க மறக்கேல்லை." எல்லாரும் கை தட்டினார்கள். அவர் என் கண்ணைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னார். அவருக்கு அது உண்மையாகவே மறந்துவிட்டதா, அல்லது எனக்கு ஞாபகப்படுத்தினாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. விளக்கு எங்கள் நிலவறையில் கிடக்கிறது.

இந்த வருடம் வன்னியில் நடந்ததை நான் எழுத வேண்டியதில்லை. அந்த மாதங்களில் நாங்கள் படங்களைப் பிடித்துக்கொண்டு தெருவில் நின்றபோது, மனுவை வாங்கவும் ஆளில்லாமல் கதவு கதவாகத் திரிந்தோம். ஹெர் ரீஸ் வந்தார், பத்து நிமிடம் நின்றார், படம் எடுத்தார்கள், மனுவைக் கையில் வாங்கினார். மனு எங்கே போனது என்று அவருக்கும் தெரியாது. ஆனாலும் வாங்கினார், அதுதான் எங்கள் ஆட்களுக்குப் போதுமாக இருந்தது. நகரசபை அங்கத்தவரைப் பாராளுமன்ற உறுப்பினர் என்று அழைப்பிதழில் அச்சடித்துப் பொன்னாடையும் வாங்கிவிட்டார்கள். ரமணனில் எனக்குக் கோபம் இல்லை. வாடிக் கிடக்கும் சனத்துக்கு யாராவது ஒருவர் கதவைத் திறந்தால் அவர் யாரென்று பார்க்கத் தோன்றாது.

ஆவணியில் நான் இந்த நாட்டில் முதல் முறையாக வாக்குப் போட்டேன். பென்சிலை எடுத்தால், போட வேண்டியது ஒரு சிலுவை. கடைசியாக நான் போட்ட சிலுவை எது என்று ஞாபகம் வந்தது. தாளை வெறுமையாக மடித்துப் பெட்டிக்குள் போட்டுவிட்டு வெளியே வந்தேன்.

ஐந்து வருடமாக ஒவ்வொரு ஞாயிறும் பூசை முடிய முதியோர் இல்லத்துக்குப் போகிறேன். கேக் கொண்டுபோவேன், வெளியே தள்ளிக்கொண்டு போவேன், காலநிலை பற்றிப் பேசுவேன். சொல்ல வாய் வரவில்லை. ரமணனின் தொலைபேசிக்குப் பிறகு வந்த ஞாயிறு, அதாவது போன ஞாயிறு, சொன்னேன். வாகனத் தரிப்பிடத்தைப் பார்த்தபடி சொன்னேன். தகடு, வெண்கட்டி, கதிரை, யா, எல்லாம்.

ஃபிராவ் லிஷ்கா கேக் துண்டை முடித்துவிட்டுத்தான் பேசினார்.

"எனக்குத் தெரியும்."

நான் திரும்பினேன்.

"விழேக்கை நான் கதவைத்தான் பார்த்தனான். கதவு துப்புரவா இருந்தது. சித்திரையில நான் துடைச்சபடி. நாலாவது ராசா மறந்துபோனார் எண்டு நினைச்சன். பிறகு ஒண்டும் தெரியாது."

"ஏன் ஒருத்தருக்கும் சொல்லேல்லை?"

"உங்கட ஆன்ட்ராக் ஆற்ற மேசையில எழுதினது? உங்களில ஏதும் வழக்கு இருக்கோ எண்டு கேட்டிருந்தது. இல்லை எண்டு என்ர கையாலதான் எழுதினனான். என்ர கையெழுத்தை நானே பொய்யாக்கிறதோ?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. அறுபத்தாறு வயதுக்காரன் வாகனத் தரிப்பிடத்தைப் பார்த்து அழுதால் யார் என்ன நினைப்பார்கள் என்று யோசிக்கக்கூடத் தோன்றவில்லை. அந்த மனிசி தன் குசினியை விற்று எனக்குக் கடவுச்சீட்டு வாங்கித் தந்திருக்கிறார். நான் ஞாயிற்றுக்கிழமைகளில் கேக் கொண்டுபோயிருக்கிறேன்.

"நான் இப்ப என்ன செய்ய?" என்றேன்.

"எழுதச் சொல்லிக் கேட்டவை எண்டு சொன்னீங்களே. எழுதுங்கோ. இஞ்ச எல்லாரும் எனக்குக் காது கேளாத மாதிரிச் சத்தமாக் கதைக்கினம். குளிசையை எண்ணி வாயில வைக்கினம். யன்னலைத் திறந்தால் ஓடி வந்து மூடுகினம். எனக்கு எண்பத்து மூண்டு வயசு. நான் ஒண்டையும் மறக்கேல்லை. அதை மட்டும் எழுதுங்கோ."

தம்பி ரமணன், இதுதான் நான் கூட இருந்து பார்த்தது. மலரில் போடுவதும் விடுவதும் உங்கள் பொறுப்பு. இதன் டொச் பிரதி ஒன்றை நேற்றுப் புகைபோக்கி மாஸ்டருக்கும் ஹம்பூர்க் மருமகளுக்கும் அனுப்பிவிட்டேன். அதனால் எனக்கு வருவது வரட்டும். விழாவுக்கு நான் வருவேன், பொன்னாடை போர்த்த மட்டும் என்னைக் கூப்பிட வேண்டாம். முன்வரிசையில் பிரதம விருந்தினருக்குப் பக்கத்தில் ஒரு சக்கர நாற்காலிக்கு இடம் விட்டு வையுங்கள். ஃபிராவ் லிஷ்காவைக் கூட்டிக்கொண்டு வருகிறேன். அவரிடம் யாரும் சத்தமாகப் பேச வேண்டாம், காது நன்றாகக் கேட்கிறது.

இவ்வளவையும் இடமில்லை என்று வெட்டினாலும் பரவாயில்லை. கடைசி இரண்டு வரியை மட்டும் என் பெயரோடு போடுங்கள்.

ஃபிராவ் லிஷ்கா அந்தத் தகட்டை மூடவில்லை.

நான்தான் திறக்கவில்லை.